கடன் வசூலித்த பையன்: குந்தர் கிராஸ் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

குந்தரா, கூந்தரா, குண்டரா?

ஜெர்மன் உச்சரிப்பில் அந்த முதல் ஒலி 'கு'வுக்கும் 'கி'க்கும் நடுவில் நிற்கிறது. உதட்டைக் குவித்துக்கொண்டு 'கி' என்று சொல்லிப் பாருங்கள், கிட்டத்தட்ட வந்துவிடும். தமிழில் அதற்கு எழுத்து கிடையாது. 'குந்தர் கிராஸ்' பழகிப்போன பெயர், இங்கேயும் அப்படியே இருக்கட்டும். 'குண்டர்' மட்டும் வேண்டாம், பொருள் வேறு பக்கம் போய்விடும்.

சுருக்கமாகச் சொன்னால் இவர் யார்?

ஜெர்மன் நாவலாசிரியர். கவிஞர், நாடகக்காரர், சிற்பி, ஓவியர் என்றும் சேர்த்துக்கொள்ளலாம். 1927 அக்டோபர் 16 அன்று டான்சிக் நகரில் பிறந்தார். 2015 ஏப்ரல் 13 அன்று லூபெக் நகரில், 87 வயதில் இறந்தார். 1959இல் வந்த 'தகர முரசு' நாவல் ஒரே வீச்சில் அவரை உலகறியச் செய்தது. 1999இல் நோபல் பரிசு. நடுவில் நாற்பது ஆண்டுகள் ஜெர்மன் அரசியலில் அவர் வாயைத் திறக்காத விவகாரம் அநேகமாக இல்லை. பழசை மறைக்காதே என்று ஒரு நாட்டுக்கே சொல்லிக்கொண்டிருந்தவர், தன் பழசில் ஒரு பக்கத்தை மட்டும் மடித்து வைத்திருந்தார். அதை 2006இல் அவரே பிரித்துக் காட்டினார். அவரைப் பற்றிய பேச்சு எங்கே தொடங்கினாலும் கடைசியில் அங்கேதான் போய் நிற்கிறது.

டான்சிக் எங்கே இருக்கிறது?

இன்றைய போலந்தில், பால்டிக் கடலோரம். இப்போதைய பெயர் குடான்ஸ்க். கிராஸ் பிறந்தபோது அது ஜெர்மனியிலும் சேராமல் போலந்திலும் சேராமல், உலக நாடுகள் சங்கத்தின் பாதுகாப்பில் 'சுதந்திர நகரம்' என்று இருந்தது. ஜெர்மானியர், போலந்துக்காரர், கஷூபியர் (அந்தப் பகுதியின் ஸ்லாவிய இனத்தார்), யூதர் எல்லோரும் வாழ்ந்த ஊர். அப்பா புராட்டஸ்டன்ட் ஜெர்மானியர். அம்மா ஹெலேன் கஷூபிய வழிவந்த கத்தோலிக்கர். இரண்டாம் உலகப் போரின் முதல் குண்டுகள் வெடித்த இடங்களில் இந்த ஊரும் ஒன்று. போர் முடிந்ததும் ஜெர்மானியர்கள் வெளியேற்றப்பட்டார்கள். ஊர் அங்கேயே இருக்கிறது, ஆனால் திரும்பிப் போய் வாழ முடியாது. 'தகர முரசு', 'பூனையும் எலியும்' (1961), 'நாய் ஆண்டுகள்' (1963) மூன்றையும் சேர்த்து டான்சிக் முத்தொகுதி என்பார்கள். கிராஸ் அந்த ஊரைத் தெருத்தெருவாக, டிராம் நிறுத்தம் முதற்கொண்டு காகிதத்தில் மீட்டுக்கொண்டுவந்தார்.

பிள்ளைப் பருவத்தில் அப்படி என்ன விசேஷம்?

எனக்கு இதுதான் பிடித்த பகுதி. லாங்ஃபூர் என்ற புறநகரில், லாபஸ்வெக் தெருவில் பெற்றோருக்கு ஒரு சின்ன மளிகைக் கடை. இரண்டு அறை வீடு. கழிப்பறை மாடிப்படித் திருப்பத்தில், அண்டை வீட்டாருக்கும் பொது. பையனுக்கென்று தனி அறை ஏது? ஜன்னலடியில் இருந்த ஒரு மாடம்தான் அவன் உலகம். புத்தகம், வாட்டர்கலர், சிகரெட் பெட்டிகளோடு வந்த ஓவியப் படங்கள் எல்லாம் அதற்குள்.

கடையில் பாதிப் பேர் கடன்காரர்கள். மாதக் கடைசியில் பற்று நோட்டு கனத்துக்கொண்டே போகும். அம்மா ஒரு வழி கண்டுபிடித்தார். நோட்டைப் பையன் கையில் கொடுத்து, வசூலித்து வந்தால் அதில் இத்தனை சதவீதம் உனக்கு என்றார். பத்துப் பன்னிரண்டு வயசுப் பையன் மாடி மாடியாக ஏறினான். வேகவைத்த முட்டைக்கோஸ் நாற்றமும் ஈரத்துணி நாற்றமும் அடிக்கும் சமையலறை வாசல்களில் நின்று, சம்பள நாளாகப் பார்த்துக் கதவைத் தட்டி, சாக்குப்போக்கு கேட்டு, விடாமல் வாங்கி வந்தான். பின்னால் நாவல்களில் வரும் கீழ் நடுத்தர வர்க்கத்து வீடுகளின் வாசனை முழுக்க அந்தப் படிக்கட்டுகளில் ஏறி இறங்கியபோது மூக்கில் ஒட்டிக்கொண்டதுதான்.

ஒரு சொல்லைப் பற்றி இங்கே சொல்ல வேண்டும். ஜெர்மனில் 'ஷுல்ட்' என்றால் குற்றம். அதே சொல்லைப் பன்மையாக்கி 'ஷுல்டன்' என்றால் வாங்கிய கடன். கிராஸ் தன் இளமையைப் பற்றி எழுதும்போது இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறார். கடனை எப்படியாவது அடைத்துவிடலாம், குற்றத்தைத் தவணையில்கூடத் தீர்க்க முடியாது என்பது அவர் கணக்கு.

போர்க்காலத்தில் அவர் என்ன செய்தார்?

1939 செப்டம்பர் 1 அன்று டான்சிக்கின் போலந்து அஞ்சல் நிலையத்தை ஜெர்மன் படைகள் தாக்கின. உள்ளே இருந்து எதிர்த்துப் போராடிய ஊழியர்களில் அம்மாவின் உறவினர், பையனுக்கு மாமா முறை, ஃபிரான்ஸ் என்பவரும் ஒருவர். பிடிபட்டவர்களோடு அவரையும் சில வாரங்களில் சுட்டுக் கொன்றார்கள். அதன்பின் வீட்டில் அந்த மாமாவின் பேச்சே எழவில்லை. பையனும் ஏன் என்று கேட்கவில்லை. கேட்காமல் விட்டதைத்தான் கிழவனான பிறகு திரும்பத் திரும்பச் சொல்லிக்காட்டிக்கொள்கிறார்.

அப்புறம் ஹிட்லர் இளைஞர் அணி, விமான எதிர்ப்புப் பீரங்கிப் படைக்கு உதவியாள். பதினைந்து வயதில் நீர்மூழ்கிக் கப்பலில் சேரத் தானாகவே மனுப் போட்டார், எடுக்கவில்லை. 1944 இலையுதிர்காலத்தில் ராணுவ அழைப்பு வந்தது. 1945 ஏப்ரல் 20, ஹிட்லரின் பிறந்தநாளன்று காயம்பட்டு, மரியன்பாட் மருத்துவமனையில் அமெரிக்கர்களிடம் கைதியானார். 1946இல் விடுதலை. எந்தப் படைப்பிரிவு என்பதைத்தான் அறுபது ஆண்டு சொல்லவில்லை. கீழே வருகிறேன்.

எழுத்துக்கு எப்படி வந்தார்?

நேராக வரவில்லை. பொட்டாஷ் சுரங்கத்தில் வேலை. டூசல்டார்ஃபில் கல்தச்சரிடம் பயிற்சி, கல்லறைக் கற்கள் செதுக்கும் பட்டறை. பிறகு அங்கேயே கலைக்கல்லூரி, அடுத்து பெர்லினில் சிற்பக் கலை. இரவில் ஒரு ஜாஸ் குழுவில் துணி துவைக்கும் தகரப் பலகையைத் தாளவாத்தியமாக உரசிக்கொண்டிருந்தார். 1954இல் சுவிட்சர்லாந்து நடனக் கலைஞர் அன்னா ஷ்வார்ஸோடு திருமணம். 1956இல் பாரிஸ் போனார்கள். அவெனியூ டி'இத்தாலி வீட்டின் கீழ்த்தளத்தில், கொதிகலனுக்குப் பக்கத்தில், ஈரம் ஒழுகும் சுவர்களுக்கு நடுவே 'தகர முரசு' எழுதப்பட்டது. 1958இல் 'குழு 47' என்ற எழுத்தாளர் கூட்டத்தில் சில அத்தியாயங்களை வாசித்தார். அந்த ஆண்டு குழுவின் பரிசு அவருக்கு. அதுவரை அவரைக் கவிதையும் எழுதும் சிற்பியாகத்தான் அங்கே பலருக்குத் தெரியும்.

'தகர முரசு' என்ன கதை? ஏன் அவ்வளவு ரகளை?

மூன்று வயதில் இனி வளர மாட்டேன் என்று முடிவெடுத்து, வேண்டுமென்றே நிலவறைப் படியிலிருந்து விழுந்து, தொண்ணூற்று நான்கு சென்டிமீட்டரில் நின்றுவிடுகிறான் ஆஸ்கர். கழுத்தில் சிவப்பு வெள்ளைத் தகர முரசு. கத்தினால் கண்ணாடி நொறுங்கும். பெரியவர்களின் மேஜைக்கு அடியிலிருந்து அவன் பார்ப்பதுதான் நாஜிக் காலம். மேஜைக்கு மேலே மளிகைக்கடைக்காரர், ரொட்டிக்காரர், சீட்டாட்டம், குடும்பச் சண்டை. யாரும் அரக்கன் இல்லை. அக்கம்பக்கத்து மனிதர்களே ஒவ்வொருவராகச் சீருடை மாட்டிக்கொள்கிறார்கள். ஜெர்மானியர்களைச் சுட்டது அதுதான். நம்மை ஏதோ பேய் பிடித்து ஆட்டியது என்று சொல்லித் தப்பித்துக்கொண்டிருந்தவர்களிடம், பேயெல்லாம் இல்லை, நீங்கள்தான் என்றது நாவல்.

ரகளை வேறு வகையிலும் வந்தது. ஆபாசம், தெய்வ நிந்தனை என்றார்கள். பிரேமன் நகர இலக்கியப் பரிசுக்கு நடுவர்கள் தேர்ந்தெடுத்த பிறகும் நகர ஆட்சிமன்றம் தர மறுத்துவிட்டது.

ஒரு காட்சி சொல்கிறேன். போருக்குப் பின், காசு புழங்கத் தொடங்கிய டூசல்டார்ஃபில் 'வெங்காய நிலவறை' என்று ஒரு இரவு விடுதி. அங்கே சாப்பாடு கிடையாது. பணக்கார விருந்தாளிகளுக்கு மீன் வடிவிலோ பன்றி வடிவிலோ செய்த ஒரு பலகை, ஒரு கத்தி, ஒரு பச்சை வெங்காயம். நறுக்க வேண்டும், அழ வேண்டும். போரில் எவ்வளவோ நடந்தும் கண்ணீர் வராதவர்கள் காசு கொடுத்து வெங்காயம் வெட்டி அழுகிறார்கள், அழுதபடி மனசில் உள்ளதைக் கொட்டுகிறார்கள். நாற்பத்தேழு ஆண்டு கழித்து அவர் எழுதிய தன்வரலாற்றின் பெயர் 'வெங்காயத்தை உரிக்கும்போது'. அந்த விடுதியில் அவருக்கும் ஒரு பலகை காத்திருந்தது என்றுதான் எனக்குப் படுகிறது.

வோல்கர் ஷ்லோண்டார்ஃப் எடுத்த படம் 1979இல் கான் விழாவின் தங்கப் பனையைப் பகிர்ந்துகொண்டது. அடுத்த ஆண்டு சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கரும் வாங்கியது.

நாவலாசிரியருக்குத் தேர்தல் மேடையில் என்ன வேலை?

1961 ஆகஸ்டில் பெர்லின் சுவர் எழும்பியது. மறுநாள் கிழக்கு ஜெர்மனியின் மூத்த எழுத்தாளர் அன்னா சேகர்ஸுக்கு, மௌனமாக இருக்காதீர்கள் என்று கிராஸ் திறந்த மடல் எழுதினார். அதே நேரம் மேற்கில், பிரதமர் அடேனாவர் தன் போட்டியாளரான வில்லி பிராண்டைப் பிறப்பைச் சாடையாகச் சொல்லி இழிவுபடுத்தினார். பிராண்ட் திருமணமாகாத தாய்க்குப் பிறந்தவர், ஹிட்லர் காலத்தில் நாட்டைவிட்டுத் தப்பியவர். கிராஸுக்குக் கோபம் அங்கே பற்றிக்கொண்டது.

1965இல் பிராண்டின் சமூக ஜனநாயகக் கட்சிக்காக ஊர் ஊராகக் கிளம்பினார். ஐம்பதுக்கும் மேற்பட்ட கூட்டங்கள். நம் ஊர்ப் பிரச்சாரத்தை மனசில் வைத்துக்கொள்ளாதீர்கள். அவர் கூட்டத்துக்கு நுழைவுச்சீட்டு வாங்க வேண்டும்! வந்த பணத்தில் ராணுவ வீரர்களுக்கு நூலகம் அமைத்தார். 'எஸ்-பே-டே' என்று கட்சியின் பெயரெழுத்துகளையே கூவும் சேவல் ஒன்றை வரைந்து கொடுத்தார். குளொப்பென்பூர்க் என்ற கத்தோலிக்க ஊரில் முட்டை வீசினார்கள். பெர்லினில் அவர் வீட்டுக் கதவுக்குத் தீ வைத்தார்கள். அந்தத் தேர்தலில் கட்சி தோற்றது.

1969இல் மறுபடியும், இந்த முறை ஒரு ஃபோக்ஸ்வாகன் வேனில், மாதக்கணக்கில். கதவைத் தட்டுவதும் மறுப்பைக் கேட்பதும் மறுவாரம் திரும்பி வருவதும் அவருக்குச் சின்ன வயசுத் தொழில் ஆயிற்றே. அக்டோபரில் பிராண்ட் பிரதமரானார். அந்தப் பயணத்திலிருந்து பிறந்தது 'ஒரு நத்தையின் நாட்குறிப்பிலிருந்து' (1972). முன்னேற்றம் என்பது நத்தை, பாய்ச்சலெல்லாம் காட்டாது என்று தன் பிள்ளைகளுக்கு விளக்குவது போல எழுதியது. அன்றைய மாணவர் இயக்கம் தெருவில் புரட்சி கேட்டுக்கொண்டிருந்தது. அவர்களுக்கு நத்தை கசந்தது. இடதுபுறம் இருந்தும் திட்டு, வலதுபுறம் இருந்தும் திட்டு.

1970 டிசம்பரில் பிராண்ட் வார்சா போனபோது கிராஸும் எழுத்தாளர் சீக்ஃபிரீட் லென்ஸும் உடன் போனார்கள். இருவருமே போரில் பிறந்த மண்ணை இழந்தவர்கள். புதிய எல்லையை ஏற்கும் ஒப்பந்தத்துக்குச் சாட்சியாக அவர்களையே கூட்டிப்போனது பிராண்டின் சாமர்த்தியம். அந்தப் பயணத்தில்தான், நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்த கெட்டோ பகுதியின் நினைவுச் சின்னத்தின் முன் பிராண்ட் மண்டியிட்டார்.

அப்படியானால் அவர் கட்சிக்காரரா?

வேடிக்கை, பிரச்சாரம் செய்த காலத்தில் உறுப்பினரே இல்லை. 1982இல் கட்சி ஆட்சியை இழந்த பிறகு சேர்ந்தார். அகதிகளின் புகலிட உரிமையைச் சுருக்கக் கட்சி ஒப்புக்கொண்டதும், பத்தே ஆண்டில் அட்டையைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். தேர்தலில் பிரச்சாரம் செய்வதை மட்டும் விடவில்லை.

ஜெர்மனி ஒன்றானதை அவர் ஏன் எதிர்த்தார்?

ஒன்றானதை என்பதைவிட, ஒன்றாக்கிய விதத்தை. மெல்ல, இரண்டு நாடுகளின் கூட்டமைப்பாக, புது அரசியல் சட்டத்தோடு நடக்கட்டும் என்றார். ஆஷ்விட்ஸ் என்ற யூதக் கொலை முகாமை நடத்தியது வலிமையான ஒற்றை ஜெர்மனி, அதை மறந்துவிட்டு அவசரப்படாதீர்கள் என்றும் சொன்னார். கொண்டாட்டத்தில் இருந்த ஊர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. ஆஷ்விட்ஸை இங்கே இழுத்தது சரியா என்பதில் எனக்கே சந்தேகம் உண்டு. கிழக்கின் ஆலைகள் அடிமாட்டு விலைக்குப் போனது பற்றி அவர் சொன்னவை நின்றன. 1995இல் அதை 'ஒரு பரந்த வெளி' என்ற தடித்த நாவலாக்கினார். டெர் ஷ்பீகல் வார இதழின் அட்டையில், விமர்சகர் மார்செல் ரைஷ்-ரனிட்ஸ்கி அந்தப் புத்தகத்தை இரண்டாகக் கிழிப்பது போலப் படம் போட்டார்கள்.

சுவருக்கு அந்தப் பக்கமும் அவரை நம்பவில்லை. கிழக்கு ஜெர்மனி உளவுத்துறை பல ஆண்டுகள் அவரைப் பின்தொடர்ந்து கோப்புக் கோப்பாக எழுதி வைத்திருந்தது.

கொல்கத்தாவுக்கு ஏன் வந்தார்?

முதல் தடவை 1975இல். 1977இல் வந்த 'தட்டைமீன்' நாவலில் அந்த நகரத்தைக் கடவுள் போட்ட மலக்குவியல் என்று எழுதிவைத்தார். வங்காளிகள் சும்மா விடுவார்களா? ஆனால் அவரையும் அந்த நகரம் விடவில்லை. 1986 ஆகஸ்டில் இரண்டாவது மனைவி ஊட்டேயோடு திரும்பி வந்தார். பாருய்பூரிலும் பிறகு சால்ட் லேக்கிலும் வாடகைக்கு இருந்தார். புறநகர் ரயிலில் நெரிசலில் போய்வந்தார், குப்பைமேட்டில் வேலை செய்பவர்களை, நடைபாதையில் தூங்குபவர்களை மையில் வரைந்தார். ஒரு வருடம் தங்க நினைத்தவர் 1987 ஜனவரியில் கிளம்பிவிட்டார்.

'நாக்கை நீட்டி' (1988) அதன் பலன். நாட்குறிப்பு, ஓவியம், நீண்ட கவிதை மூன்றும் ஒரே புத்தகத்தில். தலைப்பு காளியின் நாக்கு. வெறியில் கணவன் மீதே கால்வைத்ததை உணர்ந்து, வெட்கத்தில் காளி நாக்கைக் கடித்துக்கொண்டாள் என்று வங்காளத்தில் சொல்லும் அந்த விளக்கம் அவரைப் பிடித்துக்கொண்டது. அவருக்கு வெட்கம் என்பது அரசியல் சொல். இந்தியாவை வறுமையாக மட்டும் பார்த்தார் என்ற குற்றச்சாட்டில் நியாயம் இருக்கிறது. ஓவியங்களைப் பார்த்தால் பாதி மன்னித்துவிடலாம். 2005இல் மறுபடியும் வந்தார்.

நோபல்?

1999. ஏற்புரையின் தலைப்பு 'தொடரும்...' தொடர்கதை வாசித்து வளர்ந்த நமக்கு விளக்கம் வேண்டாம்.

சரி, 2006இல் என்ன ஆயிற்று?

ஆகஸ்டில் ஃபிராங்ஃபூர்ட்டர் அல்கமைனே நாளிதழுக்கு அளித்த பேட்டியில், பதினேழு வயதில் வாஃபன் எஸ்எஸ் படையில் இருந்ததாகச் சொன்னார். பத்தாவது கவசப் பிரிவு, 'ஃபிருண்ட்ஸ்பெர்க்'. நாஜிக் கட்சியின் ஆயுத அமைப்பான எஸ்எஸ்ஸின் போர்ப்படை அது. நியூரம்பர்க் விசாரணையில் குற்ற அமைப்பாக அறிவிக்கப்பட்டது. அவர் மீது போர்க்குற்றம் எதுவும் கிடையாது. ஒரு தோட்டாவும் சுடவில்லை என்று அவரே எழுதினார். ஆனால் கேள்வி அது இல்லை. இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை?

1966இல் கீசிங்கர் பிரதமராகப் போனபோது, நாஜிக் கட்சியில் இருந்தவர் எப்படி அந்த நாற்காலியில் உட்காரலாம் என்று பகிரங்கக் கடிதம் எழுதியவர் இவர். அமைச்சர் கார்ல் ஷில்லரிடம், உங்கள் நாஜிக் காலத் தவறை வெளிப்படையாக ஒப்புக்கொள்ளுங்கள், அது நிம்மதி தரும் என்று 1969இல் தனிப்பட எழுதியவரும் இவர்தான். 1985இல் அமெரிக்க அதிபர் ரீகனும் ஜெர்மன் பிரதமர் கோலும் பிட்பூர்க் ராணுவக் கல்லறைக்குப் போனபோது, அங்கே வாஃபன் எஸ்எஸ் ஆட்களும் புதைக்கப்பட்டிருக்கிறார்கள் என்று கொதித்தவர்களில் ஒருவர். ஊர்ப் பற்று நோட்டையெல்லாம் கையில் வைத்துக்கொண்டு கதவு தட்டியவரின் சொந்தக் கணக்கு திறக்கப்படாமலே கிடந்தது.

அவரிடமிருந்து பழைய கார்கூட வாங்க மாட்டேன் என்றார் வரலாற்றாசிரியர் யோவாகிம் ஃபெஸ்ட். குடான்ஸ்க் நகரின் கௌரவக் குடிமகன் பட்டத்தைத் திருப்பித் தர வேண்டும் என்றார் போலந்தின் முன்னாள் அதிபர் லேக் வலேசா. கிராஸ் மேயருக்கு விளக்கக் கடிதம் எழுதினார். வலேசா தணிந்தார், பட்டமும் போகவில்லை.

புத்தக விற்பனைக்காகச் செய்தார் என்கிறார்களே?

புத்தகம் நன்றாக விற்றது உண்மை. ஆனால் 'வெங்காயத்தை உரிக்கும்போது' நூலைப் படித்துவிட்டு இதைச் சொல்வது கஷ்டம். அதில் எஸ்எஸ் பக்கங்களைவிட என்னை உலுக்கியது வேறு இடம்.

கட்டாயத் தொழிற்படை முகாமில் ஒரு பையன். உயரம், பொன்னிற முடி, நீலக் கண். நாஜிச் சுவரொட்டிக்கு அளவெடுத்தது போல. எல்லா வேலையும் ஒழுங்காகச் செய்வான். துப்பாக்கியைக் கையில் கொடுத்தால் மட்டும் கீழே விட்டுவிடுவான். தண்டனை கொடுத்தார்கள், அவனால் எல்லோருக்கும் சேர்த்துக் கொடுத்தார்கள், சக பையன்களே அடித்தார்கள். ஏன்டா என்று கேட்டால் ஒரே பதில்: 'நாங்க இதெல்லாம் செய்யறதில்லை.' அதுவே பட்டப்பெயராகிவிட்டது. ஒருநாள் அவனைக் கூட்டிக்கொண்டு போனார்கள், திரும்பவில்லை. நிம்மதியாக இருந்தது என்று கிராஸ் எழுதுகிறார். அந்த 'நாங்க' யார் என்றுகூடத் தான் விசாரிக்கவில்லை என்கிறார். தன்னை நல்லவனாகக் காட்ட நினைப்பவர் அந்த நிம்மதியை எழுதியிருக்க மாட்டார். அறுபது ஆண்டு தாமதத்தை அது நியாயப்படுத்தாது. இரண்டையும் சேர்த்துத்தான் வைத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

2012இல் ஒரு கவிதையால் சர்ச்சை வந்ததே?

'சொல்லியே ஆக வேண்டியது'. ஏப்ரல் 4 அன்று ஸூட்டாய்ச்சே செய்தித்தாளில் வந்தது. அணு ஆயுத இஸ்ரேல் உலக அமைதிக்கு ஆபத்து, ஜெர்மனி அதற்கு நீர்மூழ்கிக் கப்பல் தரக்கூடாது என்பது சாரம். இஸ்ரேல் அவர் நாட்டுக்குள் வரத் தடை விதித்தது. அந்தத் தடையைக் கண்டித்தவர்களும் கவிதையை மெச்சவில்லை. அரசியல் கருத்தை விடுங்கள், அது கவிதையாகவே தேறவில்லை. கட்டுரையை வரி வரியாக உடைத்தது போல இருக்கிறது. நத்தையை எழுதியவர் இங்கே பொறுமையிழந்துவிட்டார். மேலும், பழைய எஸ்எஸ் படைவீரர் இஸ்ரேலுக்குப் புத்தி சொல்கிறார் என்ற பதில் வரும் என்று அவருக்குத் தெரியாமலா இருந்திருக்கும்?

எதிலிருந்து படிக்கத் தொடங்கலாம்?

பெரும்பாலோர் 'தகர முரசு' எடுத்து நூறாவது பக்கத்தில் மூச்சு வாங்குவார்கள். நான் 'பூனையும் எலியும்' சொல்வேன். மெலிந்த புத்தகம், தொண்டைக்குமிழ் பெரிதாக இருக்கும் ஒரு பள்ளி மாணவனின் கதை. (அதன் படத்தில் நாயகனின் இரண்டு வயதுகளிலும் நடித்தவர்கள் வில்லி பிராண்டின் மகன்கள்.) அடுத்து 'நண்டு நடை' (2002). 1945 ஜனவரி 30 அன்று அகதிகளை ஏற்றிச் சென்ற வில்ஹெல்ம் குஸ்ட்லோஃப் கப்பலை சோவியத் நீர்மூழ்கி மூழ்கடித்து ஆயிரக்கணக்கானோர் இறந்தது பற்றியது. ஜெர்மானியர் பட்ட துயரத்தை நாம் பேசாமல் விட்டதால் அதை நவநாஜிகள் எடுத்துக்கொண்டார்கள் என்பது அவர் வாதம்.

சாப்பாட்டுப் பிரியர்களுக்கு 'தட்டைமீன்'. அதன் முதல் வாக்கியம் 'இல்செபில் இன்னும் உப்புப் போட்டாள்'. 2007இல் ஜெர்மனியில் நடந்த போட்டியில் மிக அழகான முதல் வாக்கியமாக அதைத் தேர்ந்தெடுத்தார்கள். ஜெர்மனில் மூன்றே சொல். இந்த நாவலிலிருந்துதான் மொழிபெயர்ப்பாளர்களைக் கூட்டிவைத்துப் பக்கம் பக்கமாகச் சந்தேகம் தீர்க்கும் வழக்கத்தையும் தொடங்கினார்.

கடைசிக் காலம் எப்படிப் போயிற்று?

லூபெக்குக்குப் பக்கத்தில் பேலென்டார்ஃப் கிராமத்தில். நின்றபடியே கையால் எழுதுவார், பிறகு பழைய ஒலிவெட்டி தட்டச்சில் அடிப்பார். கணினி பக்கம் போகவில்லை. லூபெக்கில் அவர் பெயரில் ஓர் அருங்காட்சியகம் இருக்கிறது. வில்லி பிராண்டின் நினைவு இல்லமும் அந்த ஊரில்தான்.

இறந்த பிறகு வெளிவந்த கடைசி நூலில், உள்ளூர்த் தச்சரிடம் தனக்கும் ஊட்டேவுக்கும் சவப்பெட்டி சொல்லிவைத்ததை எழுதியிருக்கிறார். எந்த மரம், கைப்பிடி எப்படி என்று நிதானமாகப் பேசி முடித்து, பெட்டிகள் வந்து சேர்ந்ததும் இருவரும் ஆளுக்கொன்றில் படுத்துப் பார்த்தார்களாம், அளவு சரியாக இருக்கிறதா என்று.